பட்டியலைப் புரட்டிய விரல்

அத்தியாயம் 4

"இன்னும் மூன்றரை மணி நேரம் இருக்கிறது. அதற்குள் குற்றவாளியைப் பிடித்துவிடுவேன்" என்று சுவர்க் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு சொன்னேன்.

"அந்தக் கடிகாரம் நின்னு ரெண்டு நாளாச்சுண்ணே" என்றாள் என் உதவியாளர் ஜெபராணி. "மணி இப்ப ரெண்டு பத்து."

என் பெயர் சுருளியாண்டி. சின்னமனூரில் ஒரு செல்போன் கடைக்கு மேல் மாடியில் இருக்கிறது என் துப்பறியும் அலுவலகம். அதற்கு முன் பதினோரு வருடம் கம்ப்யூட்டர் சென்டரில் பாடம் நடத்தினேன். ஒரு பொருள் எப்படி வேலை செய்கிறது என்று விளக்க ஆரம்பித்தால் எனக்கு நிறுத்தத் தெரியாது. சென்டர் மூடியதற்கு அதுதான் காரணம் என்பது ஜெபராணியின் கட்சி. இந்தத் தொழிலுக்கு வந்து மூன்று வருடத்தில் நான் கண்டுபிடித்துக் கொடுத்தவை, காணாமல் போன இரண்டு கன்றுக்குட்டிகள். அதில் ஒன்று தானாகவே வீட்டுக்கு வந்துவிட்டது.

இப்போது எதிரே உட்கார்ந்திருந்தவள் ரெஹானா. உத்தமபாளையத்துப் பெண், பிளஸ் டூ முடித்தவள். பக்கத்தில் அவளுடைய அத்தா அமானுல்லா. திராட்சை வியாபாரி. வந்ததிலிருந்து ஒரு வார்த்தை பேசவில்லை. அதை நான் குறித்துக்கொண்டேன்.

வழக்கு இதுதான். வேளாண் படிப்புக்கு ஆன்லைனில் கவுன்சலிங் நடக்கிறது. எந்தக் கல்லூரி முதலில் வேண்டும், எது அடுத்தது என்று மாணவர்கள் ஒரு பட்டியல் அடுக்கி, அதைப் பூட்ட வேண்டும். கடைசி நேரம் இன்று மாலை ஐந்து. பூட்டாவிட்டால், அந்த நேரத்தில் பட்டியல் எப்படி இருக்கிறதோ அப்படியே போய்விடும்.

"ஆறு நாளா இதே கூத்து சார்" என்றாள் ரெஹானா. "சாயங்காலம் கோயம்புத்தூர மொத எடத்துல வக்கிறேன். காலைல தொறந்தா அது கடைசில கெடக்கு."

"பூட்டியிருக்கலாமே?"

"ஒருவாட்டி பூட்டிட்டா அப்புறம் தொட முடியாது சார். ஆளு உள்ள வந்து போறது தெரிஞ்சும் எப்படிப் பூட்ட? நான் பூட்டுற நேரத்துல அவன் மாத்திட்டான்னா?"

"பாஸ்வேர்டை மாற்றினாயா?"

"நாலு தடவ. கடைசியா போட்டது பதினெட்டு எழுத்து."

"எங்கேயாவது எழுதி வைத்தாயா?"

"எனக்கே ஞாபகம் இல்ல சார். 'சேவ் பண்ணவா'ன்னு பிரவுசர் கேட்டுச்சு, சரின்னு அமுக்கிட்டேன். அதுவே வச்சுக்கிருச்சு."

இந்த இடத்தில் ஒரு நல்ல துப்பறிவாளன் நிமிர்ந்து உட்கார்ந்திருப்பான். நான் டீ சொன்னேன்.

ரெஹானா ஒரு நோட்டை நீட்டினாள். அந்தத் தளம், கடைசியாக யாராவது உள்ளே நுழைந்த நேரத்தைக் காட்டும். அதைத் தினமும் குறித்து வைத்திருந்தாள். காலை 6.40. 6.42. 6.38. எல்லாம் அந்த நேரம்தான். அதற்குக் கீழே, மர்ம ஆசாமி மாற்றி அடுக்கிய வரிசை. பெரியகுளம், மதுரை, திருச்சி என்று போய் கடைசியில் கோயம்புத்தூர்.

நான் அந்த வரிசையை இரண்டு முறை படித்தேன். உள்ளே ஏதோ பளிச்சென்றது.

"ஜெபராணி, விரோதியாக இருந்தால் என்ன செய்வான்?"

"பட்டியல அழிச்சிட்டுப் போயிருவான்."

"இவன் அழிக்கவில்லை. அக்கறையாக அடுக்கியிருக்கிறான். பெரியகுளம் என்றால் காலையில் போய் மாலையில் வீடு திரும்பலாம். மதுரை என்றால் சனி ஞாயிறுக்கு வரலாம். போகப் போகத் தூரம் கூடுகிறது. இது படிப்பைப் பார்த்துப் போட்ட வரிசை இல்லை. பஸ்ஸைப் பார்த்துப் போட்டது. பெண்ணைத் தூரத்துக்கு அனுப்பப் பயப்படுகிற ஒருவர் செய்த வேலை."

ஜெபராணி நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டாள். அவள் கிண்டல் செய்யாவிட்டால் நான் சரியாகப் பேசுகிறேன் என்று அர்த்தம். அந்த தைரியத்தில் நாற்காலியை அமானுல்லா பக்கம் திருப்பினேன்.

"அதிகாலைத் தொழுகை முடிந்து, டீ குடித்துவிட்டு, ஆறே முக்காலுக்கு ஓய்வாக உட்காரும் ஒரு தகப்பன். பாய், உங்கள் போனை மேசைமேல் வையுங்கள்."

அவர் சட்டைப்பையில் கைவிட்டு எடுத்து வைத்தார். பழைய பட்டன் போன். பின்மூடி கழன்றுவிடாமல் ஒரு ரப்பர் பேண்டு போட்டிருந்தது.

"இதுல நெட்டு வருதான்னு பாத்துச் சொல்லுங்க தம்பி" என்றார். "வந்தா எனக்கும் தோதுதான். அப்புறம், கோயம்புத்தூர மொதல்ல போடச் சொன்னதே நான்தான்."

டீ வந்தது. நல்ல வேளையாக எல்லோரும் அதைக் குடிக்க வேண்டியிருந்தது.

"ஏத்தா ரெஹானா" என்றாள் ஜெபராணி, டம்ளரைக் கீழே வைத்து. "அவரு யோசிக்கட்டும். சேவ் பண்ண பாஸ்வேர்டெல்லாம் எங்கன இருக்குன்னு எனக்குக் காட்டு."

ரெஹானா செட்டிங்ஸைத் திறந்து கொடுத்தாள். ஜெபராணி பெருவிரலால் தள்ளினாள். மறுபடி தள்ளினாள். பட்டியல் முடிகிற மாதிரி தெரியவில்லை.

"இந்த ஈபி கனெக்சன் யாரோடது?"

"தெரியலக்கா."

"இந்த கேஸ் புக்கிங்? இந்த எல்.ஐ.சி.? இதென்ன, ஆட்டுச்சந்தை ஆப்பா?"

"மேல நாலஞ்சு என்னோடது இருக்கும். அத மட்டும் பாத்துட்டு மூடிருவேன். கீழ வரைக்கும் போனதே இல்லக்கா."

ஜெபராணியின் விரல் நின்றது. முகத்தில் ஒரு சிரிப்பு பரவியது. அந்தச் சிரிப்பை நான் முன்பும் பார்த்திருக்கிறேன். எனக்கு நல்லது நடக்கும்போது அது வந்ததில்லை.

"அண்ணே, கல்யாண வெப்சைட்டுல உங்க பேரு 'சுருளிடைகர்34'ங்களா? முப்பத்தி நாலுங்கிறது வயசா, இடுப்பா?"

எனக்கு வயது நாற்பத்தொன்று. இடுப்பைப் பற்றிப் பேச வேண்டாம். போன மாதம் டீக்கடையில் ஒருவர், "டைகர், டீ ஆறுது" என்றார். பக்கத்தில் நாய் ஏதும் இருக்கிறதா என்று அப்போது திரும்பிப் பார்த்தேன். அவர் கூப்பிட்டது என்னைத்தான் போலிருக்கிறது.

"என் பாஸ்வேர்ட் எப்படி இந்தப் பெண்ணின் போனில்?" என்று கேட்டபோதே எனக்குப் புரிந்துவிட்டது. போனை வாங்கி, மேல் மூலையில் எந்த மெயில் கணக்கு இருக்கிறது என்று பார்த்தேன். ரெஹானாவின் பெயர் இல்லை. ஒரு கடையின் பெயர் இருந்தது.

"போன் எங்கே வாங்கினீர்கள்?"

"கீழதான்" என்றார் அமானுல்லா.

நான் என் போனை எடுத்துப் பார்த்தேன். அதே கணக்கு. நானும் கீழேதான் வாங்கியிருந்தேன். நால்வரும் தரையைப் பார்த்தோம்.

கீழே கடைக்காரன் வினோத்ராஜ் ஒரு போனுக்குக் கண்ணாடி ஒட்டிக்கொண்டிருந்தான். கேட்டதற்கு அவன் துளியும் தயங்கவில்லை. பெருமையாகவே சொன்னான்.

"புதுப் போன்ல ஆப் ஏத்தணும்னா மெயில் ஐடி கேக்கும்லண்ணே. வர்றவுக தோட்டத்துல இருந்து மண்ணு காலோட வர்றாக. மெயில் ஐடி சொல்லுங்கன்னா என் மூஞ்சியப் பாக்குறாக. அவுகள எதுக்கு வதைக்கணும்? கடை ஐடியவே போட்டுக் குடுத்துருவேன். அஞ்சு நிமிசத்துல போன் ரெடி."

"மொத்தம் எத்தனை போனுக்கு?"

"இந்த மூணு வருசத்துல முந்நூத்திப் பன்னெண்டு."

எனக்குத் தலை சுற்றியது. ஆனால் சுற்றிய தலைக்குள் விளக்கம் தயாராக இருந்தது.

"ரெஹானா, நீ முல்லையாற்றுத் தண்ணீர் பாய்கிற ஊர்க்காரி. உனக்கு இது உடனே புரியும். பிரவுசரில் சேமித்த பாஸ்வேர்ட் உன் போனுக்குள் மட்டும் இருப்பதில்லை. எந்த மெயில் கணக்கில் நுழைந்திருக்கிறாயோ, அந்தக் கணக்குதான் வாய்க்கால். அதோடு சேர்ந்த ஒவ்வொரு போனும், கம்ப்யூட்டரும் ஒரு வயல். நீ இங்கே மடையைத் திறந்தால் எல்லா வயலுக்கும் தண்ணீர் போகும். வீட்டில் கம்ப்யூட்டர், கையில் போன் என்று இரண்டு வைத்திருப்பவருக்கு அது வசதி. ஒன்றில் சேமித்தால் இன்னொன்றிலும் இருக்கும். வழியில் யாரும் எடுத்துப் படிக்க முடியாதபடி பூட்டித்தான் அனுப்புகிறார்கள். அதில் தப்பே இல்லை. ஆனால் வாய்க்கால் உன்னுடையதாக இருக்க வேண்டும்."

"நான் ஊர்ப் பொது வாய்க்கால்ல கட்டிருக்கேன்" என்றாள் ரெஹானா மெதுவாக.

"நீ பாஸ்வேர்டை மாற்ற மாற்ற, புதியதையும் நீயே முந்நூற்றுப் பதினோரு பேருக்கு அனுப்பியிருக்கிறாய்."

"அண்ணே, பாடம் போதும்" என்றாள் ஜெபராணி. "மணி மூணு."

முதல் வேலையாக ரெஹானாவைக் காப்பாற்றினோம். அவள் பெயரில் புதுக் கணக்கு. கடைக் கணக்கிலிருந்து அவள் போனை வெளியேற்றினோம். கடைக் கணக்கில் கிடந்த அவளுடைய பதிவுகளை அழித்தோம். கவுன்சலிங் தளத்தின் பாஸ்வேர்டைப் புதிதாக மாற்றி, புதுக் கணக்கில் சேமித்தாள். அந்தக் கணக்குக்கும் ஒரு இரண்டாம் பூட்டு: புதிய கருவியில் யார் நுழைந்தாலும் முதலில் அவள் போனில் அனுமதி கேட்கும். பிறகு பட்டியலைத் திறந்து, கோயம்புத்தூரை மேலே ஏற்றி, பூட்டு என்று அமுக்கினாள். மணி மூன்று இருபத்தைந்து.

அமானுல்லா செருப்பைத் தேடினார். ரெஹானா அசையவில்லை.

"யாருன்னு தெரியாம நான் வரலத்தா. ஆறு நாளா அழுதிருக்கேன்."

நியாயம்தான். ஆனால் முந்நூறு பேரில் யார்? வினோத்ராஜ் கணக்கில் சேர்ந்த கருவிகளின் வரிசையைக் காட்டினான். பெயர்கள் இல்லை. போன் மாடல்தான் இருந்தது. பாதிக்கு மேல் ஒரே மாடல்.

"ஆஃபர்ல வந்துச்சுண்ணே" என்றான்.

ஒவ்வொருவராகத் தேடிப் போக நேரமில்லை. கல்லாப்பெட்டியின் மேல் சாய்ந்துகொண்டு யோசித்தேன். வாய்க்காலில் ஓட்டை இருக்கிறது. நாம் அனுப்புகிற எதுவும் அந்த ஆளின் போனுக்குப் போய்ச் சேரும். அப்படியென்றால் அதன் வழியாகவே ஒரு கடிதம் அனுப்பலாமே!

கடைக் கணக்கில், கவுன்சலிங் தளத்துக்கு என்று ஒரு புதிய பதிவு போடும்படி வினோத்ராஜிடம் சொன்னேன். பயனர் பெயர் என்ற இடத்தில் பெயருக்குப் பதிலாக ஒரு வாக்கியம்: "இது உங்கள் பட்டியல் அல்ல. உடனே கூப்பிடவும்." பக்கத்தில் என் நம்பர். பாஸ்வேர்ட் என்ற இடத்தில் ஏதோ நாலு எழுத்து.

"அது எல்லார் போனுக்கும் போகும்" என்று விளக்கினேன். "ஆனால் எல்லோர் கண்ணிலும் படாது. இந்தத் தளத்தைத் திறக்கிறவருக்கு மட்டும், பெயர் எழுதும் கட்டத்தில் அது தானாக வந்து நிற்கும்."

வேலை செய்கிறதா என்று பார்க்க என் போனிலேயே தளத்தைத் திறந்தேன். "இது உங்கள் பட்டியல் அல்ல. உடனே கூப்பிடவும்" என்று என் போன், என்னையே கூப்பிடச் சொன்னது.

"கூப்பிடுங்கண்ணே" என்றாள் ஜெபராணி. "ஆளு நல்லவரான்னு விசாரிச்சுக்கலாம்."

மாடிக்குப் போய்க் காத்திருந்தோம். நான்கு மணி ஐந்து நிமிடத்துக்கு என் போன் அடித்தது.

"யாருங்க பேசுறது?" வயதான குரல். பின்னால் மோட்டார் ஓடும் சத்தம். "எம்மக கவுன்சலிங்ல உங்க நம்பரு எதுக்கு வந்து நிக்கிது? எங்கன இருந்து பேசுறீக?"

அவர் செல்லப்பாண்டி, மார்க்கையன்கோட்டை. தென்னையும் நெல்லும். ஒரே மகள் திரிஷா. மகள் பள்ளிக்கூடத்திலேயே பதிவு செய்துவிட்டாள். பட்டியலைத் தான் பார்த்துக்கொள்வதாக அவர் சொல்லியிருக்கிறார். தினமும் காலையில் மோட்டார் போட்டுவிட்டு, வரப்பில் உட்கார்ந்து தளத்தைத் திறந்தார்.

"பேரு, பாஸ்வேர்டு எல்லாம் தன்னால வந்து உக்காந்துச்சு. சரி, மக போட்டு வச்சிருக்கான்னு நெனச்சேன்."

"மேலே விண்ணப்ப எண் இருக்குமே ஐயா, பார்க்கவில்லையா?"

"நம்பர யாரு பாத்தா? பட்டியல்தான பாத்தேன்."

குற்றவாளி கிடைத்துவிட்டார். ஆனால் அவர் ஆறு நாளாக அடுக்கியது முழுவதும் ரெஹானாவின் பட்டியல். அப்படியானால் அவருடைய மகளுடைய பட்டியல்?

"ஐயா, உங்கள் மகள் பெயரில் இன்னும் ஒரு கல்லூரிகூடப் போடவில்லை. ஐம்பது நிமிடம்தான் இருக்கிறது. மகளுடைய விண்ணப்ப எண்ணைச் சொல்லுங்கள், உங்கள் போனுக்கு ஒரு ஓடிபி வரும், அதையும் சொல்லுங்கள். நாங்களே இங்கிருந்து—"

மறுமுனையில் மோட்டாரை நிறுத்தும் சத்தம் கேட்டது.

"ஓடிபிய யாருக்கும் சொல்லக் கூடாதுன்னு சொல்றாகல்ல" என்றார் செல்லப்பாண்டி. "நீங்க யாரு, எவருன்னே தெரியல."

இதே வாக்கியத்தைப் பதினோரு வருடம் ஊரெல்லாம் சொல்லிக்கொடுத்தவன் நான். அதைக் கேட்டு நடந்த முதல் ஆள் இவர்தான். அதுவும் இன்றைக்கு.

"சரியாகச் சொன்னீர்கள் ஐயா. அப்படியென்றால் மகளைக் கூட்டிக்கொண்டு, நீங்கள் போன் வாங்கிய கடையின் மாடிக்கு உடனே வாருங்கள்."

நான்கு முப்பத்தெட்டுக்குக் கீழே ஒரு மொபெட் நின்றது. முன்னால் செல்லப்பாண்டி, வேட்டி நுனி ஈரமாக. பின்னால் திரிஷா. இருவரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் படியேறினார்கள். நடந்ததை நான் சொல்லச் சொல்ல, அவர் மகள் பக்கம் திரும்பினார்.

"அப்ப நீ கோயம்புத்தூர மேல ஏத்தலயா?"

"நான் தொறக்கவே இல்லப்பா. நீங்கதான் பாத்துக்கிறேன்னீக. ஆறு நாளா மூஞ்சியத் திருப்பிக்கிட்டு, சோறு போட்டாக்கூடப் பேசாம எந்திரிச்சுப் போறீக. நான் என்ன பண்ணேன்னே எனக்குத் தெரியல."

"நான் கீழ தள்ளுறேன், மறுநா அது மேல நிக்கிது. தள்ளுறேன், நிக்கிது. எம்மகளுக்கு இம்புட்டு அழுத்தமான்னு நெனச்சேன்." அவர் அறையைச் சுற்றிப் பார்த்தார். "அப்ப யாரு ஏத்துனது?"

"நான்தான் மாமா" என்றாள் ரெஹானா.

செல்லப்பாண்டி அவளையே பார்த்துக்கொண்டு நின்றார். அவள் திட்டத் தயாராக வந்தவள். ஆறு நாள் அழுகைக்கு ஆறு வார்த்தை சேர்த்து வைத்திருந்தாள் என்று நினைக்கிறேன். அவர் முந்திக்கொண்டார்.

"செயிச்சிட்டியே ஆத்தா. இவ்வளவு பிடிவாதமா இருக்கா, போயிட்டுத்தான் வரட்டும்னு நேத்து இவ அம்மாகிட்ட சொல்லிட்டேன். இன்னைக்கு கோயம்புத்தூர மேலயே வச்சுப் பூட்டிருவோம்னுதான் தொறந்தேன்."

திரிஷா சட்டென்று தலை நிமிர்ந்தாள்.

"நெசமாவாப்பா? எனக்கும் அதுதான் வேணும். கேக்கப் பயந்துக்கிட்டு இருந்தேன்."

மணி நான்கு நாற்பத்தாறு. விண்ணப்ப எண்ணைத் திரிஷா சொன்னாள். ஓடிபி செல்லப்பாண்டியின் போனுக்கு வந்தது. அப்போதும் அவர் வாயால் சொல்லவில்லை. எங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, தானே கம்ப்யூட்டரில் அடித்தார். திரிஷாவின் பக்கம் திறந்தது. காலியான பட்டியல். அதற்கு மேலே அவளுடைய தரவரிசை எண்.

ரெஹானா அந்த எண்ணைப் பார்த்தாள். அவள் பட்டியலைப் பூட்டும்போது அவளுடைய எண்ணை நானும் பார்த்திருந்தேன். திரிஷா நாற்பத்தொரு இடம் முன்னால் இருந்தாள்.

இருக்கைகள் எப்படி ஒதுக்கப்படுகின்றன, முன்னால் இருப்பவர் ஒன்றைக் கேட்டால் பின்னால் இருப்பவருக்கு என்ன ஆகும் என்று விளக்க நான் வாயைத் திறந்தேன். ஜெபராணி என் காலை மிதித்தாள். அவள் மிதித்ததிலேயே மிகச் சரியான மிதி அது.

திரிஷா கம்ப்யூட்டர் முன் உட்கார்ந்தாள். கல்லூரி ஒவ்வொன்றுக்கும் ஒரு குறியீட்டு எண். அவளுக்கு ஒன்றும் தெரியவில்லை. முதல் எண்ணைத் தேடுவதிலேயே மூன்று நிமிடம் போனது. செல்லப்பாண்டி துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டே இருந்தார். மணி நான்கு ஐம்பத்தொன்று.

ரெஹானா சன்னல் பக்கம் நின்றிருந்தாள். அவள் அங்கேயே ஒன்பது நிமிடம் நின்றிருந்தால் போதும், முன்னால் இருக்கும் போட்டி தானாகப் போயிருக்கும். யாரும் அவளைக் குறை சொல்லியிருக்க மாட்டார்கள்.

"தள்ளு" என்றாள். திரிஷா எழுந்தாள். ரெஹானா உட்கார்ந்தாள். அந்த எண்களெல்லாம் அவள் விரலுக்கு மனப்பாடம். ஆறு நாளாகச் சாயங்காலம் தோறும் அவற்றை மேலே ஏற்றியவள் அவள். முதல் இடத்தில் கோயம்புத்தூரைப் போட்டாள். அடுத்தவற்றைத் திரிஷாவிடம் கேட்டுக் கேட்டுப் போட்டாள். பூட்டு என்ற பொத்தானை மட்டும் அவள் தொடவில்லை.

"இத நீ அமுக்கு."

திரிஷா அமுக்கினாள். நான்கு ஐம்பத்தாறு.

படியிறங்கும்போது அமானுல்லா மகளிடம் தணிந்த குரலில் கேட்டது எனக்கும் கேட்டது.

"நம்பரப் பாத்தியா?"

"பாத்தேன்த்தா. எனக்கு முன்னாடி."

"ஆறு நாளு நீ கட்டுன மல்லு, இன்னொரு வீட்டுல போய் செயிச்சிருக்கு."

"அதுக்கு நான் என்ன பண்ண? அவளும் என்னைய மாதிரிதான்த்தா உக்காந்திருந்தா."

அவர் பட்டன் போனை எடுத்து வீட்டுக்கு அடித்து, வருவதற்கு இன்னும் கொஞ்ச நேரமாகும் என்றார்.

காரணம், ரெஹானா கடை வாசலில் செல்லப்பாண்டியைப் பிடித்து நிறுத்தியிருந்தாள். அவர் போனிலிருந்து கடைக் கணக்கை வெளியேற்றி, அவர் பெயரிலேயே புதியது தொடங்கி, போனை அவர் கையில் கொடுத்தாள்.

"பாஸ்வேர்ட நீங்களே போடணும் மாமா. நாங்க யாரும் பாக்க மாட்டோம்."

திரிஷாவும் ரெஹானாவும் ரோட்டுப் பக்கம் திரும்பி நின்றார்கள். அமானுல்லா திரும்பினார். வினோத்ராஜ், இன்னும் முந்நூற்றுச் சொச்சம் பேருக்கு இதைச் செய்ய வேண்டியிருப்பதை அப்போதுதான் உணர்ந்தவனாக, மெல்லத் திரும்பினான். நல்ல பாஸ்வேர்ட் எப்படி இருக்க வேண்டும் என்று நான் ஆரம்பித்தேன். ஜெபராணி என் தோளைப் பிடித்து என்னையும் திருப்பினாள்.

எங்கள் முதுகுக்குப் பின்னால் செல்லப்பாண்டி ஒற்றை விரலால் ஒவ்வொரு எழுத்தாகத் தேடிக்கொண்டிருந்தார்.

"அவசரப்படாதீக" என்றார். "இப்பத்தான் மூணாவது எழுத்து."